இசைநடிகர் எஸ். ஜி. கிட்டப்பா

சாரற் பருவத்தில் குற்றாலத்திற்குச் சென்று அருவியாடி மகிழும் மாணவர் பலர். தென்காசிக் கோபுரத்தைக் கண்டு வியப்பவரும் பலர். ஆயின், அவ்விரண்டிற்கும் அண்மையில் மலையடிவாரத்தே அமைந்துள்ள செங்கோட்டை, தமிழ் நாடக மேடைக்கு ஓர் ஒப்பற்ற குரலை அளித்த ஊர் என்பதை நினைப்பவர் சிலரே. அக்குரலுக்குரியவர் எஸ். ஜி. கிட்டப்பா. அவர்தம் வரலாற்றை நம் மாணவர் அறிதல் நலமெனக் கருதி, ஈண்டுச் சுருங்க உரைப்போம்.

செங்கோட்டை அந்நாளில் திருவிதாங்கூர் அரசைச் சார்ந்திருந்தது. 1956ஆம் ஆண்டிலேயே சென்னை இராச்சியத்துடன் இணைந்தது. அவ்வூரில் கங்காதரையர் என்பாருக்கு மகனாக 1906ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 25ஆம் நாள் கிட்டப்பா தோன்றினார். இராமகிருஷ்ணன் என்பது அவருக்கு இட்ட பெயர். தமையன்மார் நாடகத் தொழிலிற் புகுந்தமையால், ஏடுந் தூக்கிப் பள்ளி செல்லவேண்டிய இளம்பருவத்திலேயே அவரும் அரிதாரம் பூசி மேடை ஏறினார். நாடகத் தமிழின் பேராசானாகிய சங்கரதாஸ் சுவாமிகளிடம் பயிற்சி பெற்றவருள் அவரும் ஒருவர். நாடகக் கம்பெனியே அவருக்குப் பள்ளியாயிற்று, பாட்டே பாடமாயிற்று.

பின்னர் அவர் கன்னையா கம்பெனியிற் சேர்ந்தார். கண்ணைக் கவரும் காட்சி அமைப்புகளுக்குப் பேர்பெற்ற அக்கம்பெனியின் தசாவதார நாடகம் தமிழகமெங்கும் புகழெய்தியது. திரைச்சீலையும் அணிகலனும் காணவந்த மக்கள், நாளடைவில் கிட்டப்பாவின் பாட்டைக் கேட்கவே வரலாயினர்.

அந்நாளைய நாடக மேடையின் இயல்பை இங்கு நாம் எண்ணிப் பார்த்தல் வேண்டும். ஒலிபெருக்கி இல்லை. இரவு தொடங்கும் நாடகம் விடியுமட்டும் நடைபெறும். கொட்டகையின் கடைசியில் தரையில் அமர்ந்திருப்பவனுக்கும் சொல் தெளிவாகச் செல்லவேண்டும். பாட்டு மனத்திற்குப் பிடித்துவிட்டால் மீண்டும் பாடுமாறு மக்கள் ஆரவாரிப்பர். இவையனைத்தையும் நடிகன் தன் தொண்டை ஒன்றைக்கொண்டே நிறைவேற்றினான். உச்ச சுருதியில் நின்று, சுருதி பிசகாது, சொல்லும் சிதையாது பாடுவதில் கிட்டப்பா தமக்கு நிகரில்லாதவராய் விளங்கினார். அவருடைய தமையனார் காசி ஐயர் ஆர்மோனியம் வாசித்து அப்பாட்டிற்குத் துணைநின்றார்.

1926ஆம் ஆண்டளவில் இலங்கையில், கொடுமுடியிற் பிறந்த கே. பி. சுந்தராம்பாளுடன் சேர்ந்து நடிக்கும் வாய்ப்பு நேர்ந்தது. வள்ளி திருமணம் முதலிய நாடகங்களில் இவ்விருவரும் எதிரெதிர் நின்று பாடியதைக் கேட்க ஊர்கள் திரண்டன. 1927ஆம் ஆண்டில் இருவரும் மணம் புரிந்துகொண்டனர். கிட்டப்பாவுக்கு முன்னரே ஊரில் மனைவி இருந்தார். ஆதலின் அவ்வாழ்வு அமைதியாய்ச் செல்லவில்லை. பிணக்கு முற்றி, இருவரும் பிரிந்தனர். மேடையில் ஒன்றிய குரல்கள் இல்லறத்தில் ஒன்றிநிற்க இயலவில்லை.

இதற்கிடையே, ஓய்வின்றி இரவெல்லாம் கண்விழித்துப் பாடியதும், அவரைப் பற்றிக்கொண்ட குடிப்பழக்கமும் அவருடலை அரித்தன. 1933ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் 2ஆம் நாள், தம் 27ஆம் வயதில், கிட்டப்பா உயிர் நீத்தார். அப்பொழுது சுந்தராம்பாளுக்கு வயது 25. அவ்வம்மையார் அன்றுமுதல் வெள்ளாடை பூண்டு, எந்த ஆடவருடனும் இணையாக நடிப்பதில்லை என உறுதிகொண்டு, 1980ஆம் ஆண்டில் மறையும் வரையில் அந்நெறி வழுவாது வாழ்ந்தார். பிரிந்துபோன கணவருக்கு அவர் காட்டிய அன்பு, கிட்டப்பாவின் புகழைக் காத்த காவலுமாயிற்று.

முதல் தமிழ்ப் பேசும்படமாகிய காளிதாஸ் 1931ஆம் ஆண்டில் வெளிவந்தது. நாடக மேடையில் ஒளிர்ந்த பாடகர் பலரைத் திரைப்படம் விரைந்து ஈர்த்துக்கொண்டது. 1934ஆம் ஆண்டில் எம். கே. தியாகராஜ பாகவதர் பவளக்கொடியில் தோன்றினார். 1935ஆம் ஆண்டில் சுந்தராம்பாளே நந்தனாராக நடித்தார். கிட்டப்பாவோ ஒரு படத்திலும் தோன்றாமலே மறைந்தார். அவர் நடந்த நடையையும், முகத்தில் காட்டிய மெய்ப்பாட்டையும் இனி எவரும் காணுதற்கில்லை. பக்கம் ஒன்றிற்கு ஏறத்தாழ மூன்று நிமிடமே ஓடும் இசைத்தட்டுகள் சில அவர் பாட்டின் சிறு பகுதியை நமக்கென வைத்திருக்கின்றன. விடியுமளவும் பாடியவரின் வாழ்வில் எஞ்சியது அவ்வளவே.

கலைஞனுக்குக் கைதட்டுதல் எளிது; அவனுடைய உடலையும் உறக்கத்தையும் இல்லத்தையும் பற்றிக் கவலைகொள்வோர் அரியர். கிட்டப்பாவின் பாட்டை மீண்டும் மீண்டும் கேட்ட மக்கள், அவர் ஓய்ந்திருக்க ஓரிரவேனும் விட்டாரல்லர். அவரும் தம்மைக் காத்துக்கொண்டாரல்லர். இயற்கை தந்த வரம் எத்துணைப் பெரிதாயினும், அதனைப் பேணும் கடமை உடையவனுக்கும் உண்டு, துய்ப்பவர்க்கும் உண்டு. செங்கோட்டை வழியே செல்லும் நம் மாணவர், அருவியின் அழகோடு இவ்வுண்மையையும் உள்ளத்தில் கொள்வாராக.