முழந்தாளிட்டவர் யார்? வில்லி பிரான்டின் கதை

சில வருடங்களுக்கு முன்னர் கிளிநொச்சியில் நடந்த நல்லிணக்கப் பயிற்சிப் பட்டறை ஒன்றுக்குச் செய்தி சேகரிக்கப் போயிருந்தேன். வளவாளர் திரையில் ஒரு கறுப்பு வெள்ளைப் படத்தைக் காட்டினார். கறுப்பு மேலங்கி போட்ட ஒருவர், ஒரு நினைவுத்தூபிக்கு முன்னால் ஈரமான கற்தரையில் முழந்தாளிட்டிருக்கிறார். கைகள் முன்னால் கோர்த்திருக்கின்றன. சுற்றிவர அதிகாரிகளும் படப்பிடிப்பாளர்களும் நிற்கிறார்கள். மன்னிப்பும் மறத்தலும் காயங்களை ஆற்றும் என்பதற்கு இந்தப் படம் உதாரணம் என்று வளவாளர் விளக்கினார்.

பின்வரிசையில் ஒரு அம்மா இருந்தார். காணாமல் ஆக்கப்பட்ட மகனைத் தேடிக்கொண்டிருப்பவர். அவர் எழும்பி இரண்டு கேள்விகள் கேட்டார். முழந்தாளில் இருப்பவர்தான் அந்தச் சனங்களைக் கொன்றவரா? எழும்பிப் போன பிறகு அவர் அந்தச் சனங்களுக்கு என்ன கொடுத்தார்? வளவாளர் பதில் சொல்வதற்கிடையில் தேநீர் வந்துவிட்டது.

ஊடகக் கற்கைகள் படித்த காலத்தில் இதே படத்தைப் பற்றி நான் ஒரு ஒப்படை எழுதியிருக்கிறேன். கமரா நின்ற கோணம், சட்டகத்துக்குள் யார் யார் இருக்கிறார்கள் என்றெல்லாம் எழுதினேன். அந்த அம்மாவின் இரண்டு கேள்விகளும் எனக்கு அப்போது தோன்றவில்லை. அவற்றுக்குப் பதில் தேடித்தான் படத்தில் இருப்பவரின் வாழ்க்கையை வாசிக்கத் தொடங்கினேன்.

முதல் கேள்விக்குப் பதில், இல்லை என்பதுதான். அவர் கொன்றவர்களிடமிருந்து தப்பியோடியவர்.

1913 டிசம்பர் 18இல் வட ஜேர்மனியின் லூபெக் துறைமுக நகரத்தில் அவர் பிறந்தார். அப்போது அவருடைய பெயர் ஹேர்பேர்ட் பிராம். தாய் கூட்டுறவுக் கடையில் விற்பனையாளராக இருந்தவர், மணமாகாதவர். தகப்பனை அவர் ஒருபோதும் கண்டதில்லை. பாட்டனாரிடம் வளர்ந்தார். உழைப்பாளர் குடும்பம் என்பதால் சமூக ஜனநாயகக் கட்சிதான் வீட்டின் அரசியல். பள்ளிக்கூட வயதிலேயே உள்ளூர்க் கட்சிப் பத்திரிகையில் எழுதத் தொடங்கினார். அந்தப் பத்திரிகையின் ஆசிரியர் ஜூலியஸ் லேபர் பின்னாளில் ஹிட்லருக்கு எதிரான சதியில் சேர்ந்ததற்காக 1945 ஜனவரியில் கொல்லப்பட்டார்.

1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தபோது ஹேர்பேர்ட் பிராமுக்கு 19 வயது. தலைமறைவு வேலைக்காக எடுத்த பெயர்தான் வில்லி பிரான்ட். அந்த வருட ஏப்ரலில் ஒரு மீன்பிடிப் படகில் ஒளிந்து டென்மார்க்கை அடைந்தார். அங்கிருந்து நோர்வேக்குப் போய் ஒஸ்லோவில் பத்திரிகை வேலை செய்தார். 1936இல் நோர்வே மாணவர் ஒருவரின் கடவுச்சீட்டோடு மறுபடி பேர்லினுக்குள் நுழைந்து சில மாதங்கள் இரகசியமாக இயங்கினார். 1937இல் உள்நாட்டுப் போர் நடந்துகொண்டிருந்த ஸ்பெயினிலிருந்து செய்தி எழுதினார். 1938இல் நாசி அரசு அவருடைய குடியுரிமையைப் பறித்தது. நாடற்றவரானார்.

1940இல் ஜேர்மன் படைகள் நோர்வேக்குள்ளும் வந்தன. நோர்வே இராணுவச் சீருடையில் பிரான்ட் பிடிபட்டார். ஜேர்மன்காரர் என்று அடையாளம் காணப்பட்டிருந்தால் உயிர் மிஞ்சியிருக்காது. சாதாரண நோர்வேச் சிப்பாய் என்று நினைத்துச் சில வாரங்களில் விட்டுவிட்டார்கள். சுவீடனுக்கு ஓடினார். நோர்வே குடியுரிமை கொடுத்தது. போர் முடிந்தபின், நாசித் தலைவர்கள் விசாரிக்கப்பட்ட நியூரம்பேர்க் நீதிமன்றத்துக்கு ஸ்கண்டிநேவியப் பத்திரிகைகளின் செய்தியாளராகத்தான் அவர் தாய்நாடு திரும்பினார். 1948இல் மீண்டும் ஜேர்மன் குடியுரிமை எடுத்தார்.

தப்பியோடியவர் என்ற இந்த வரலாறு அவருக்குப் பெருமையைத் தரவில்லை, வசையைத்தான் தந்தது. வெளியே போய் எதிரியின் சீருடை போட்டவர் என்று வலதுசாரிகள் ஆயுள் முழுவதும் அவரைத் துரோகியாக்கினார்கள். 1961 தேர்தல் காலத்தில் அன்றைய சான்சிலர் அடெனோவர் மேடையில் அவருடைய பழைய பெயரை இழுத்து, தகப்பன் பெயர் தெரியாதவர் என்பதைச் சாடையாகச் சொல்லிக் காட்டினார். நாட்டுக்குள் இருந்து நாசிக் கட்சியில் அங்கம் வகித்தவர்கள் பலர் அந்த நேரம் அமைச்சுகளிலும் நீதிமன்றங்களிலும் உயர்பதவிகளில் இருந்தார்கள். அவர்களிடம் இப்படி யாரும் மேடையில் கேட்கவில்லை.

1957இலிருந்து பிரான்ட் மேற்கு பேர்லினின் நகர முதல்வர். 1961 ஓகஸ்ட் 13 அதிகாலை கிழக்கு ஜேர்மனி நகரத்துக்குக் குறுக்கே முட்கம்பி இழுத்தது, பிறகு மதில் எழுந்தது. தாய் அந்தப் பக்கம், பிள்ளை இந்தப் பக்கம் என்று குடும்பங்கள் பிரிந்தன. அடுத்த வருடம் மதிலைத் தாண்ட முயன்ற பீற்றர் பெக்டர் என்ற 18 வயதுப் பையன் சுடப்பட்டு, எல்லோரும் பார்த்திருக்க ஒரு மணித்தியாலம் அளவில் இரத்தம் சிந்திக் கிடந்து இறந்தான். மேற்கு வல்லரசுகள் கண்டன அறிக்கை விட்டதோடு சரி. பெரிய வார்த்தைகளால் மதிலில் ஒரு கல்லும் அசையாது என்பதை பிரான்ட் அங்கேதான் கற்றார்.

அவர் வேறு வழி தேடினார். அங்கீகரிக்கவே கூடாது என்று மேற்கு ஜேர்மனி சொல்லிவந்த கிழக்கு ஜேர்மன் அதிகாரிகளோடு அவருடைய நிர்வாகம் பேசியது. 1963 டிசம்பரில் கிடைத்தது ஒரு கடதாசி. நாங்கள் பழகிய வார்த்தையில் சொன்னால் ‘பாஸ்’. நத்தாருக்கும் புதுவருடத்துக்கும் மேற்கு பேர்லின்காரர் கிழக்கிலுள்ள உறவினரைப் பார்த்துவரலாம். ஏறக்குறைய 7 இலட்சம் பேர் 12 இலட்சம் தடவைகள் போய்வந்தார்கள். குளிரில் மணிக்கணக்காக வரிசையில் நின்றுதான் அந்தப் பாஸை எடுத்தார்கள். ஓமந்தையிலும் முகமாலையிலும் வரிசையில் நின்ற எங்களுக்கு அதன் பெறுமதியை விளக்கத் தேவையில்லை.

மேற்கு ஜேர்மனியின் அன்றைய வெளிநாட்டுக் கொள்கை எங்கள் தீவு வரையும் எட்டியது. கிழக்கு ஜேர்மனியை எந்த நாடு அங்கீகரிக்கிறதோ அதோடு உறவில்லை என்பது பொன் அரசாங்கத்தின் விதி. 1964இல் சிறிமாவோ அரசு கொழும்பில் கிழக்கு ஜேர்மனியின் தூதரகப் பணிமனைக்கு இடம் கொடுத்ததும், மேற்கு ஜேர்மனி இலங்கைக்கான அபிவிருத்தி உதவியை நிறுத்தியது. இன்னொரு தொடர்பும் உண்டு. பேர்லினைப் பிரித்த கோட்டை மேற்குத் தரப்பு ஒரு நாட்டின் எல்லையாக ஏற்கவில்லை, ஆகவே தன் பக்கத்தில் கடவுச்சீட்டுச் சோதனையும் வைக்கவில்லை. எண்பதுகளின் நடுப்பகுதியில் எங்கள் ஆட்கள் பலர் கிழக்கு பேர்லினில் விமானத்தால் இறங்கி, ரயிலேறி, மேற்கே போய் அகதித் தஞ்சம் கேட்டது இந்த ஓட்டையால்தான்.

1966இல் பிரான்ட் வெளிநாட்டு அமைச்சரானார். 1969 ஒக்டோபரில் சான்சிலரானார். அவருக்கு முன்னால் இருந்த பெரிய பிரச்சினை போலந்து. அந்த நாட்டில் நாசிகளின் ஆட்சி ஏறத்தாழ 60 இலட்சம் பேரின் உயிரைக் குடித்தது. அவர்களில் பாதிப்பேர் யூதர்கள். போர் முடிந்தபோது ஓடர், நைசே ஆறுகளுக்குக் கிழக்கேயிருந்த ஜேர்மன் நிலத்தின் பெரும்பகுதி போலந்துக்குப் போனது. அங்கிருந்தும் கிழக்கு ஐரோப்பாவின் மற்றப் பகுதிகளிலிருந்தும் துரத்தப்பட்டோ தப்பியோடியோ வந்த ஜேர்மன்காரர் சுமார் 120 இலட்சம் பேர். அவர்களுடைய சங்கங்கள் பெரிய வாக்கு வங்கி. அந்த நிலம் ஒருநாள் திரும்பிவரும் என்று இருபது வருடமாக எல்லாக் கட்சிகளும் அவர்களுக்குச் சொல்லிவந்தன. திரும்பிவராது என்பது எல்லாத் தலைவர்களுக்கும் தெரியும். அதை வெளியே சொல்ல ஒருவரும் முன்வரவில்லை.

1970 ஓகஸ்டில் மொஸ்கோவில் ஒரு ஒப்பந்தம். டிசம்பர் 7ஆம் திகதி போலந்துத் தலைநகர் வார்சோவில் இன்னொன்று. அதில் கையெழுத்திட வந்த அன்றுதான் பிரான்ட் யூதர்கள் அடைத்துவைக்கப்பட்டிருந்த கெட்டோ பகுதியின் நினைவுத்தூபிக்குப் போனார். 4 இலட்சத்துக்கும் மேற்பட்டவர்களை நாசிகள் அந்த மதிலுக்குள் அடைத்திருந்தார்கள். 1942 கோடையில் மட்டும் இரண்டரை இலட்சத்துக்கும் மேற்பட்டவர்களைக் கொலைமுகாமுக்கு ஏற்றினார்கள். மிஞ்சியவர்கள் 1943 ஏப்ரலில் ஆயுதம் தூக்கினார்கள். பிரான்ட் மலர்வளையத்தின் நாடாவைச் சரிசெய்தார், பின்னால் ஒரு அடி வைத்தார், முழந்தாளிட்டார். அரை நிமிடம் அளவில் ஒன்றும் பேசவில்லை. பிறகு எழுந்து போனார். முன்கூட்டித் திட்டமிடவில்லை, தலைகுனிவது மட்டும் போதாது என்று அங்கே நின்றபோது பட்டது என்றுதான் அவர் பிற்காலத்தில் எழுதினார்.

எங்கள் மொழியில் மண்டியிடுவது என்றால் தோற்றுச் சரணடைவது. அவருடைய நாட்டிலும் பலர் அப்படித்தான் எடுத்தார்கள். அந்த நாட்களில் ‘டெர் ஸ்பீகல்’ சஞ்சிகை எடுத்த கருத்துக்கணிப்பில் 48 வீதமானவர்கள் அது மிகையான செயல் என்றார்கள். 41 வீதம்தான் பொருத்தமானது என்றது. போலந்திலும் அந்தப் படம் கொண்டாடப்படவில்லை. அங்கேயிருந்த கம்யூனிஸ்ட் அரசு அது மக்களிடம் போவதை விரும்பவில்லை. பெரும்பாலான பத்திரிகைகளில் அவர் முழந்தாளில் இருப்பது தெரியாது. இன்று உலகம் முழுவதும் தெரிந்த படம், அது எடுக்கப்பட்ட நாட்டிலேயே அன்று மறைக்கப்பட்டது.

இனி அந்த அம்மாவின் இரண்டாவது கேள்வி. எழும்பிப் போய் என்ன கொடுத்தார்?

அதே நாளில் கையெழுத்திட்ட ஒப்பந்தத்தின் மூலம் மேற்கு ஜேர்மனி அந்த எல்லையை ஏற்றது, நிலத்துக்கு உரிமை கோரமாட்டோம் என்றது. முழந்தாளிட்டதற்குப் பின்னால் கையெழுத்திட்ட கடதாசி ஒன்று இருந்தது. அதற்கான விலையை அவர் நாட்டுக்குள் கொடுத்தார். கிழக்கு நாடுகளுடனான ஒப்பந்தங்களை எதிர்த்து ஆளும் தரப்பு உறுப்பினர்கள் கட்சி தாவினார்கள். 1972 ஏப்ரல் 27இல் அவரை நீக்கும் பிரேரணை நாடாளுமன்றத்தில் வந்தது. எதிர்க்கட்சிக்கு 249 வாக்குகள் தேவைப்பட்டன, கிடைத்தது 247. அவர் தப்பியதும் முழுவதும் நேர்வழியில் அல்ல என்பதையும் சொல்ல வேண்டும். எதிரணி உறுப்பினர் ஒருவருக்கு 50,000 மார்க் கொடுத்து கிழக்கு ஜேர்மன் உளவுத்துறை அந்த வாக்கை வாங்கியிருந்தது என்பது பின்னர் வெளிவந்தது. ஆனால் அந்த வருட நவம்பர்த் தேர்தலில் 91 வீதமான வாக்காளர்கள் வந்து வாக்களித்தார்கள், அவருடைய கட்சி போருக்குப் பின் முதன்முறையாக நாட்டின் முதற்கட்சியானது. தலைவர் துணிந்து சொன்ன பிறகுதான் மக்கள் மனம் மாறினார்கள்.

பாதிக்கப்பட்டவர்களுக்கு நேரடியாக என்ன கிடைத்தது என்று பார்த்தால் பதில் கசப்பானது. நாசிகளுக்காகக் கட்டாய வேலை செய்தவர்களில் மிகப் பெரும்பாலானோருக்கு, 2000ஆம் ஆண்டில் உருவான ஒரு நிதியத்தின் மூலம்தான் பணம் கிடைத்தது. போலந்துக்காரரும் மற்ற நாட்டவருமாக 16 இலட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் பெற்றார்கள். அப்போது பிரான்ட் உயிரோடு இல்லை. காத்திருந்தவர்களில் பலரும் உயிரோடு இல்லை.

அவரை மகானாக்கவும் தேவையில்லை. 1972 ஜனவரியில் இடதுசாரித் தீவிரவாதிகள் என்று சந்தேகிக்கப்பட்டவர்களை அரச வேலையிலிருந்து வடிகட்டும் ஆணைக்கு அவருடைய அரசு இணங்கியது. ஆசிரியர் வேலைக்கு விண்ணப்பித்த இளைஞர்களெல்லாம் உளவு விசாரணைக்கு ஆளானார்கள். 1974இல் அவருடைய சொந்த அலுவலகத்தில் வேலைசெய்த குந்தர் கியோம் கிழக்கு ஜேர்மனியின் உளவாளி என்று பிடிபட்டதும் பதவி விலகினார். 1985 டிசம்பரில் மறுபடி வார்சோவுக்குப் போனபோது, அந்த நாட்டு அரசாங்கத்தோடு உறவு கெடக்கூடாது என்று, அதை எதிர்த்து நின்ற தொழிற்சங்கத் தலைவர் லேக் வலேசாவைச் சந்திக்காமல் திரும்பினார். அரசுகளோடு பேசிப் பழகியவர் அரசுக்கெதிரான மக்களை அன்று காணத் தவறினார். 1971இல் கிடைத்த நோபல் சமாதானப் பரிசு இந்தத் தவறுகளை அழிக்காது.

1989 நவம்பரில் மதில் திறந்தபோது 75 வயதில் அவர் பேர்லினில் நின்றார். 1992 ஒக்டோபர் 8இல் இறந்தார். பேர்லினில்தான் புதைக்கப்பட்டார்.

ஜேர்மனியோடு எங்கள் நிலைமையை அப்படியே ஒப்பிட முடியாது. அந்த நாடு போரில் தோற்றது. வெளியார் வந்து நீதிமன்றம் வைத்தார்கள். பிரான்ட் முழந்தாளிடுவதற்கு முன்னரே நியூரம்பேர்க்கில் தலைவர்களும், பிராங்பேர்ட்டில் அவுஷ்விட்ஸ் முகாமின் ஆட்களும் குற்றவாளிக் கூண்டில் நின்றார்கள். விசாரணை நடந்த பிறகுதான் அந்தப் படம் வந்தது. விசாரணைக்குப் பதிலாக அது வரவில்லை.

வளவாளர் காட்டிய படத்தை இப்போதும் எடுத்துப் பார்க்கிறேன். அதில் முழந்தாளிட்டிருப்பது அரசின் தலைவர். கொலையில் பங்கில்லாதவர், ஆனால் கொன்ற அரசின் கடனைத் தன் கடனாக எடுத்தவர். பிள்ளைகளை இழந்த யாரிடமும் அந்தப் படத்தில் எதுவும் கேட்கப்படவில்லை. மன்னிக்கச் சொல்லவில்லை, மறக்கச் சொல்லவில்லை. அதைக் காட்டிப் பாடம் எடுக்க வேண்டிய இடம் கொழும்பு. கிளிநொச்சியில் பின்வரிசையில் இருந்த அம்மாவுக்கு அந்தப் பாடம் தேவையில்லை.