கொந்தளிப்பின் எல்லையைத் தேடியவர்

சுப்பிரமணியன் சந்திரசேகர் 1910ஆம் ஆண்டு லாகூரில் ஒரு தமிழ்க் குடும்பத்தில் பிறந்தார். சென்னை மாநிலக் கல்லூரியில் இயற்பியல் பயின்றார். 1930இல் மேற்படிப்புக்காக இங்கிலாந்துக்குக் கப்பலேறினார். விண்மீன்களின் இறுதி நிலை பற்றி அவர் கண்டறிந்ததை, 1935இல் லண்டனில் நடந்த கூட்டத்தில் புகழ்பெற்ற அறிஞர் எடிங்டன் எள்ளி நகையாடினார். அப்போது சந்திரசேகருக்கு வயது 24. மனம் நொந்தாலும் அவர் முடங்கிவிடவில்லை. தம் ஆய்வை நூலாக எழுதி முடித்துவிட்டு, வேறு துறைக்குச் சென்றார். ஒரு துறையை ஆழ்ந்து கற்று, நூலாக்கி, அடுத்ததைத் தொடங்குவதே பின்னர் அவரது வழக்கமாயிற்று.

நாற்பதைக் கடந்த வயதில், சிகாகோ பல்கலைக்கழகப் பேராசிரியராக இருந்தபோது, நீர், காற்று போன்ற பாய்மங்களின் நிலைத்தன்மையை ஆராயத் தொடங்கினார். மெல்லிய நீர்ப்படலத்தை அடியிலிருந்து சூடாக்கினால், அது உடனே புரள்வதில்லை. அடிப்பகுதிக்கும் மேற்பகுதிக்கும் உள்ள வெப்பநிலை வேறுபாடு ஓர் எல்லையைக் கடந்ததும் ஒழுங்காகப் புரளத் தொடங்குகிறது. வேறுபாடு மிகவும் கூடினால் கொந்தளிக்கிறது. பாய்மம் சுழன்றால் புரளத் தொடங்கும் எல்லை உயரும் என்று சந்திரசேகர் கணக்கிட்டார். பாதரசம் போன்று மின்சாரத்தைக் கடத்தும் பாய்மங்களில் காந்தப்புலமும் அவ்வாறே தடுக்கும் என்றார். சிகாகோவில் பாதரசத்தைக் கொண்டு செய்த சோதனைகள் அவர் கணக்கை உறுதிப்படுத்தின. இவ்வாய்வுகள் 1961இல் 650 பக்கங்களுக்கும் மேற்பட்ட நூலாக வெளிவந்தன.

விண்மீன் ஆய்வுகளுக்காக 1983இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. 1995இல் அவர் சிகாகோவில் காலமானார். பாய்மங்களை ஆராய்வோர் அவரது நூலை இன்றும் நாடுகின்றனர். ஏளனத்திற்கு அவர் தந்த விடை, ஓயாத உழைப்பு.