ஜவுளி படித்தவர் நெய்த படங்கள்



போன வருஷ என்.எஸ்.எஸ். முகாமில், கை கழுவும் பழக்கம் பற்றிக் குழந்தைகளுக்காக நான் ஒரு வீடியோப் படம் எடுத்தேன். போட்ட ஐந்தாவது நிமிடமே பாதிப் பேர் எழுந்து ஓடிட்டாங்க! மனசு ஒடிஞ்சு போச்சு. வீட்டில் புலம்பினேன். பாட்டியோ, சின்ன வயசில் டூரிங் கொட்டகையில் மணலைக் குவிச்சு உட்கார்ந்து 'அலிபாபாவும் 40 திருடர்களும்' பார்த்த கதையை ஒரு சீன் விடாமல் சொன்னாங்க. அப்புறம்தான் டி.ஆர். சுந்தரம் அவர்களைப் பற்றித் தேடிப் படித்தேன்.

1907-ல் நம்ம திருச்செங்கோட்டில் பிறந்தவர். இங்கிலாந்தில் லீட்ஸ் நகரில் அவர் படித்தது என்ன தெரியுமா? ஜவுளித் தொழில்நுட்பம். நம்ம டிபார்ட்மெண்ட்தான்! அப்போதெல்லாம் தமிழ்ப் படம் எடுக்க கல்கத்தாவுக்கும் பம்பாய்க்கும் ரயிலேறணும். அவரோ சேலத்தில், ஏற்காடு மலையடிவாரத்திலேயே மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டூடியோவைக் கட்டினார். 1937-ல் முதல் படம் 'சதி அகல்யா'. மறுவருஷமே 'பாலன்', மலையாளத்தின் முதல் பேசும் படம் நம்ம சேலத்துத் தயாரிப்பு!

1940-ல் 'உத்தமபுத்திரன்' படத்தில் பி.யு. சின்னப்பாவுக்கு இரட்டை வேடம். ஃபிலிமில் ஒரு பாதியை மறைத்து எடுத்து, அதையே திருப்பிச் சுற்றி மறு பாதியையும் எடுக்கும் காலம் அது. இம்மி பிசகினாலும் அத்தனையும் வீண். ஸ்டூடியோவை ஒரு மில் மாதிரி நடத்தினார். மாதச் சம்பளம், நேரந்தவறாமை, கண்டிப்பு.

1956-ல் வந்தது அலிபாபா. தமிழின் முதல் முழுநீள வண்ணப் படம், அவரே டைரக்ட் செய்தது. பேராசை கெடுக்கும் என்ற பாடத்தை அதில் யாரும் மேடையேறிப் பேசவில்லை. குகைக்குள் மாட்டிக்கொண்ட அண்ணன் காசிமே பாடம்! 1961-ல் 'கண்டம் பெச்ச கோட்டு' மூலம் மலையாளத்துக்கும் முதல் வண்ணப் படம் தந்தார். 1963-ல், 56 வயதில் மறைந்தார். அவருக்குப் பின்னும் தொடர்ந்து, நூறு படங்களைத் தாண்டியது அந்த நிறுவனம். இன்று ஏற்காடு ரோட்டில் நிற்பது அந்த ஆர்ச் மட்டுமே.

என் தப்பு புரிஞ்சுது. நான் புத்திமதி சொன்னேன், கதை சொல்லலை. இந்த வருஷம் கிருமிகளைத் திருடர்களாக்கி, சோப்பைக் கதாநாயகனாக்கி மறுபடி எடுத்தேன். ஒரு குழந்தைகூட எழுந்து போகலை. முடிஞ்சதும் ஒரு பொடியன் வந்து, இன்னொரு தடவை போடச் சொல்லி என் சட்டையைப் பிடிச்சு இழுத்தான்!

- மூன்றாமாண்டு, ஜவுளித் தொழில்நுட்பம்