அல்பேர்ட் பிராட்டெல்லினி

அல்பேர்ட் பிராட்டெல்லினி (1886 - 1961) பிரான்சில் புகழ்பெற்று விளங்கிய சர்க்கஸ் கோமாளி ஆவார். பவுல், பிரான்சுவா என்னும் தமையன்மாருடன் சேர்ந்து பிராட்டெல்லினி சகோதரர்கள் என்ற பெயரில் நடித்தார். நோயுற்ற குழந்தைகளை மகிழ்விக்கும் மருத்துவமனைக் கோமாளிகளின் முன்னோடிகளாக இச்சகோதரர்கள் குறிப்பிடப்படுகின்றனர்.

வாழ்க்கை

தந்தை குஸ்தாவோ இத்தாலியைச் சேர்ந்த சர்க்கஸ் கலைஞர். ஊர் ஊராகச் சென்ற குடும்பமாதலால் பவுல் சிசிலியிலும், பிரான்சுவா பாரிசிலும், அல்பேர்ட் மாஸ்கோவிலும் பிறந்தனர். மூத்த தமையனான லூயி பவுலுடனும், பிரான்சுவா அல்பேர்ட்டுடனும் சோடிகளாக நடித்து வந்தனர். 1909 இல் லூயி நோயுற்று இறந்தார். அவருடைய குடும்பத்தையும் காக்கவேண்டிய நிலையில் எஞ்சிய மூவரும் ஒன்றாயினர். கோமாளிகள் இருவராக நடிப்பதே அக்கால வழக்கம். மூவர் குழு என்ற புதுமை இவ்வாறு ஓர் இழப்பிலிருந்து தோன்றியது.

பின்னர் பாரிசின் மெத்ரானோ சர்க்கசில் இவர்கள் பெரும்புகழ் அடைந்தனர். 1920 இல் ழான் கொக்தோவின் மேடைப் படைப்பு ஒன்றிலும் நடித்தனர்.

நடிப்பு முறை

மினுங்கும் உடையணிந்த வெள்ளை முகக் கோமாளியாகப் பிரான்சுவா அதிகாரம் செய்வார். பவுல் கனவானைப் போல் தோன்றுவார். அல்பேர்ட் ஏற்றது 'ஒகுஸ்து' என்னும் பாத்திரம். எதுவும் அறியாதவன், எப்போதும் தோற்பவன், அடி வாங்குபவன் அவனே. பெரிய சிவப்பு மூக்கு, உயர்ந்த புருவங்கள், அகன்ற வாய் என அவர் அமைத்த மிகையான ஒப்பனையைப் பிற்காலக் கோமாளிகள் பலர் பின்பற்றினர்.

நோயுற்ற குழந்தைகளுக்கு ஒகுஸ்து நெருக்கமானவனாக இருப்பதன் காரணத்தை இங்கேதான் தேடவேண்டும். மருத்துவமனையில் எல்லோரும் குழந்தைக்குக் கட்டளை இடுகின்றனர். ஊசி, மருந்து, படுக்கை எதையும் அது தேர்ந்தெடுக்க இயலாது. கதவைக்கூடச் சரியாகத் திறக்கத் தெரியாத ஒருவன் உள்ளே வரும்போது, அவனுக்குக் கற்றுக்கொடுக்கும் நிலைக்குக் குழந்தை உயர்கிறது.

மருத்துவமனைக் கோமாளிகள்

பிராட்டெல்லினிகள் குழந்தைகளின் நோயாளர் கூடங்களுக்குச் சென்றது ஒழுங்கான திட்டம் எதுவுமின்றியே. இதனை முறையான பணியாக்கியவர் மைக்கேல் கிறிஸ்டென்சன். 1986 இல் நியூயோர்க்கில் பிக் ஆப்பிள் சர்க்கஸ் சார்பில் இவர் இப்பணியைத் தொடங்கினார். அதில் பணியாற்றிய கரோலின் சைமண்ட்ஸ் 1991 இல் பாரிசில் 'லு ரீர் மெத்சேன்' அமைப்பை நிறுவினார். இதன் கோமாளிகள் இருவராகவே செல்வர். குழந்தையின் நிலையைச் செவிலியரிடம் முதலில் கேட்டறிந்துகொள்வர். குழந்தை வேண்டாமென்றால் உள்ளே நுழையமாட்டார்கள். அல்பேர்ட்டின் கனத்த ஒப்பனை கட்டிலருகே அச்சமூட்டக்கூடும் என்பதால் மருத்துவமனைக் கோமாளிகள் பொதுவாக மெல்லிய ஒப்பனையுடன் சிவப்பு மூக்கை மட்டும் அணிகின்றனர்.

குடும்ப மரபு

பவுலின் பேத்தி ஆனி பிராட்டெல்லினியும் (1932 - 1997) ஒகுஸ்து வேடமேற்றார். பெண்கள் அவ்வேடத்தில் அரிதாகவே தோன்றிய காலம் அது. 1970களில் கணவர் பியேர் எத்தேயுடன் இணைந்து பாரிசில் சர்க்கஸ் பள்ளி ஒன்றை நிறுவினார்.