பெரி மேசனைப் படைத்த சட்டத்தரணி

கலிபோர்னியாவின் ஒக்ஸ்நாட் நகரிலே, முதலாம் உலகப் போருக்கு முந்திய ஆண்டுகளில், சீன வணிகர் பலரைக் கைது செய்யப் பொலிசார் ஆணைகளுடன் புறப்பட்டனர். சட்டவிரோத லொத்தர்ச் சீட்டு விற்றனர் என்பது குற்றச்சாட்டு. இதனை முன்கூட்டியே அறிந்த இளம் சட்டத்தரணி ஒருவர் வணிகர்களைக் கடை மாறி அமரச் செய்தார். பொலிசார் முகத்தைப் பாராது கடையைப் பார்த்துக் கைது செய்தனர். மன்றிலே, ஆணையில் உள்ள பெயர் ஒன்று, நிறுத்தப்பட்ட ஆள் வேறொன்று எனத் தெரியவரவே வழக்குகள் சரிந்தன.

அந்தச் சட்டத்தரணிதான் ஏர்ல் ஸ்டான்லி கார்ட்னர். 1889 யூலை 17இல் மசாசுசெற்ஸ் மாநிலத்தில் பிறந்தவர். சட்டம் பயிலச் சென்ற பல்கலைக்கழகத்திலிருந்து, குத்துச்சண்டை மோகத்தால் ஏறத்தாழ ஒரு மாதத்திலேயே வெளியேற நேர்ந்தது. பின்னர் சட்ட அலுவலகத்திலே தட்டச்சுப் பணி புரிந்தவாறு தாமாகவே கற்று, 1911இல் சட்டத்தரணியானார்.

சீனத் தொழிலாளர் நாட்டினுள் வருவதைத் தடுத்த 1882ஆம் ஆண்டுச் சட்டம் அக்காலத்தில் நடைமுறையில் இருந்தது. 1943 வரை அது நீக்கப்படவில்லை. அத்தகைய சூழலில் சீனருக்காகவும் மெக்சிக்கருக்காகவும் வாதாடுவது பணம் தரும் தொழிலன்று. அந்நிய நாட்டு மன்றிலே மொழிபெயர்ப்பாளரின் வாயையே பார்த்து நின்றவர்களுக்கு இதன் பெறுமதி விளங்கும்.

பகலில் வழக்கும் இரவில் எழுத்துமாக அவர் காலம் கழிந்தது. 1921 முதல் மலிவுச் சஞ்சிகைகளில் அவருடைய கதைகள் வெளிவந்தன. சொல்லுக்கு இத்தனை சதம் என்பதே கூலி. ஆண்டுக்கு 12 இலட்சம் சொற்கள் என இலக்கு வகுத்துக்கொண்டு, முதலில் இரு விரல்களால் தட்டச்சிட்டும், பின்னர் வாயால் சொல்லச் செயலாளர்களைக் கொண்டு எழுதுவித்தும் உழைத்தார். 1933இல் பெரி மேசன் தோன்றும் முதல் நாவல் வெளியானது. அதன்பின் வழக்குத் தொழிலைக் கைவிட்டார். மேசன் நாவல்கள் எண்பதுக்கு மேற்பட்டவை. ஏ. ஏ. ஃபெயர் என்ற புனைபெயரில் எழுதியவை வேறு.

விடியும்வரை வாசித்துவிட்டு, மறுவாரமே கொலையாளி யாரென மறந்துபோகும் நாவல்கள் அவை என்பதை மறுப்பதற்கில்லை. பாத்திரங்களுக்கு உள்மனம் என ஒன்று இல்லை, வருணனையும் வரட்சியே. ஆயினும் குறுக்கு விசாரணையை இத்துணை நுட்பமாக எழுதியோர் மிகச் சிலரே. சந்தேகத்துக்கு உள்ளானவன் குற்றவாளியாகிவிட மாட்டான் என்ற நெறியை, சட்ட நூலைத் தொடாத கோடிக்கணக்கானோர் மனதில் அவை பதித்தன.

ஆனால், மேசனின் கட்சிக்காரர் தப்புவது போல மெய்யான கைதிகள் தப்புவதில்லை என்பதைக் கார்ட்னர் நன்கறிவார். கொலைக் குற்றத்துக்காக மரண தண்டனை விதிக்கப்பட்டிருந்த வில்லியம் மாவின் லின்ட்லி என்பவரின் வழக்கேடுகளை அவர் ஆராய்ந்தார். சாட்சிகள் கூறிய நேரங்களை ஒன்றோடொன்று பொருத்திப் பார்த்து, அம்மனிதர் கொலை நடந்த இடத்தில் இருந்திருக்க முடியாது எனக் காட்டினார். தண்டனை ஆயுட்சிறையாகக் குறைக்கப்பட்டது.

அதன் தொடர்ச்சியாகவே 1948இல் 'ஆர்கசி' சஞ்சிகையில் 'இறுதி முறையீட்டு மன்றம்' என்ற பகுதி பிறந்தது. சட்ட மருத்துவர், தனியார் துப்பறிவாளர், பொய் கண்டறியும் கருவியில் வல்லுநர் ஆகியோர் ஊதியமின்றி ஆராய்ந்தனர், வாசகர்களே யூரிகள். மேன்முறையீட்டு வழிகள் யாவும் அடைபட்ட ஏழைக் கைதிகளுக்கு இதுவே கதவாயிற்று. வாஷிங்டன் மாநிலச் சிறையில் பத்தாண்டுக்கு மேல் ஆயுட்கைதியாக இருந்த கிளாரன்ஸ் பொகி, அவ்வாண்டே மன்னிப்புப் பெற்று வெளியே வந்தார். இப்பணி பற்றி 1952இல் கார்ட்னர் எழுதிய நூலுக்கு எட்கர் விருது கிடைத்தது. கற்பனைக் குற்றங்களை எழுதிப் புகழ் பெற்றவருக்கு, உண்மைக் குற்ற நூலுக்கான பரிசு.

மேசன் கதைகள் 1957 முதல் 1966 வரை தொலைக்காட்சித் தொடராகவும் வந்தன. அதன் இறுதி நிகழ்ச்சியில் கார்ட்னரே நீதிபதியாக நடித்தார். வாழ்நாள் முழுவதும் எதிரியின் பக்கம் நின்றவர், நீதிபதி ஆசனத்தில் அமர்ந்தது அந்த நடிப்பில்தான். 1970 மார்ச் 11இல், கலிபோர்னியாவின் தெமெகுலாவிலிருந்த தமது பண்ணையில் அவர் காலமானார்.