கலைக்களஞ்சியம் தந்தவர், குள்ளன் கதையும் எழுதினார்: யார் இந்தப் பெரியசாமித் தூரன்?

கச்சேரியில் தூரன் கீர்த்தனையைக் கேட்டுத் தலையாட்டுகிறவர்கள் நிறைய. அதே தூரன்தான் சின்னப் பசங்களுக்காகக் ‘கொல்லிமலைக் குள்ளன்’, ‘மாயக்கள்ளன்’ ஆகிய சாகசக் கதைகளை எழுதியவர் என்பது பலருக்குத் தெரியாது.

அவர் கொங்குநாட்டுக்காரர். 1908-ல் மொடக்குறிச்சி அருகே மஞ்சக்காட்டுவலசில் பிறந்தார். இப்போது அது ஈரோடு மாவட்டம். அன்றைக்குத் தாராபுரம், ஈரோடு எல்லாமே ஒரே கோவை ஜில்லா.

சென்னை மாநிலக் கல்லூரியில் கணிதம் படித்தார். 1931-ல் பகத்சிங் தூக்கிலிடப்பட்டபோது, அந்த வேதனையில் பி.ஏ. இறுதித் தேர்வை எழுத மறுத்துவிட்டார். பிறகு வாத்தியாரானார். கோவை ராமகிருஷ்ண வித்யாலயத்தில் பிள்ளைகளோடு பல ஆண்டுகள் பழகினார்.

1948-ல் தமிழ் வளர்ச்சிக் கழகத்தின் கலைக்களஞ்சியத்துக்கு முதன்மைப் பதிப்பாசிரியர் ஆனார். அணு, விலங்கு, நாடு, நோய் என எல்லாவற்றையும் தமிழிலேயே விளக்கும் வேலை. 10 தொகுதிகள் முடிய 20 வருஷம் பிடித்தது. 1968-ல் பத்மபூஷண் கிடைத்தது.

அப்போது அவருக்கு அறுபது வயசு. இனி ஓய்வுதான் என்று யாரும் நினைப்பார்கள். அவரோ குழந்தைகளுக்கென்று தனிக் கலைக்களஞ்சியத்தைக் கையில் எடுத்தார். எளிய தமிழ், நிறையப் படங்கள், மறுபடியும் 10 தொகுதிகள். 1976-ல்தான் முடிந்தது.

வீட்டில் தமிழ் மட்டுமே தெரிந்த பிள்ளைக்கும் உலகம் புரிய வேண்டும் என்பதற்கு அவர் செய்த வேலை அது. 1987-ல் மறைந்தார். அந்தத் தொகுதிகளைத் தமிழ் இணையக் கல்விக்கழக இணையதளத்தில் இன்றும் காசில்லாமல் படிக்கலாம்.