பிறந்த ஊரை சாகும்வரை மறைத்த ஹாலிவுட் நாயகி... யார் இந்த மெர்ல் ஓபரான்?

2023 ஜனவரியில் ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியல் வெளியானது. சிறந்த நடிகைக்கான பிரிவில் மலேசியாவில் பிறந்த மிஷெல் யோவின் பெயர் இருந்தது. இந்தப் பிரிவுக்கு வந்த முதல் ஆசியப் பெண் என்று செய்திகள் பறந்தன. ஆனா கொஞ்ச நேரத்திலேயே பல ஊடகங்கள் அந்த வரியைத் திருத்தின. தன்னை ஆசியர் என்று வெளிப்படையாகச் சொல்லிக்கொண்டவர்களில் முதல் பெண் என்று மாற்றி எழுதின.

ஏன் இந்தத் திருத்தம்? அதுக்கு 87 வருஷம் முன்னாடியே, 1936-ல் நடந்த விழாவில், பம்பாயில் பிறந்த ஒரு பெண் அதே பிரிவில் போட்டியிட்டிருந்தார். அவர் ஆசியர் என்பது அப்போது யாருக்கும் தெரியாது. தெரிந்திருந்தால் அந்த மேடைப் பக்கமே அவரை விட்டிருக்க மாட்டார்கள்.

அவர் பெயர் மெர்ல் ஓபரான்.

அம்மா யார்?

1911 பிப்ரவரி 19. பம்பாயில் பிறந்த அந்தக் குழந்தைக்கு எஸ்டெல் மெர்ல் ஓ'பிரையன் தாம்சன் என்று பெயர். வீட்டில் கூப்பிட்டது குயினி. தந்தை ஆர்தர் தாம்சன், இங்கிலாந்தின் டார்லிங்டனைச் சேர்ந்தவர். ரயில்வே இன்ஜினீயர். வளர்த்தவர் சார்லட் செல்பி, இலங்கையில் பிறந்த கலப்பினப் பெண். சார்லட்தான் அம்மா என்றும், கான்ஸ்டன்ஸ் அக்கா என்றும் சொல்லித்தான் குயினியை வளர்த்தார்கள்.

உண்மை வேறு. பதின்பருவத்தைத் தொட்டிருந்த கான்ஸ்டன்ஸ்தான் பெற்ற தாய். சார்லட் பாட்டி. மகள் தலையில் பழி விழக் கூடாது என்று பேத்தியைத் தன் பிள்ளையாக அறிவித்துவிட்டார் சார்லட். குயினியின் வாழ்க்கையில் முதல் பொய்யை அவர் சொல்லவில்லை, அவருக்குச் சொன்னார்கள். இது முக்கியம்.

ரயில்வேயில் வேலை பார்த்த வெள்ளையர்களும், அவர்கள் வழியில் வந்த ஆங்கிலோ இந்தியக் குடும்பங்களும் நம்ம பக்கத்துக்குப் புதுசு இல்லை. விழுப்புரம், அரக்கோணம், பொன்மலை என்று பெரிய ரயில்வே ஊர்கள் எல்லாவற்றிலும் அவர்கள் வாழ்ந்திருக்கிறார்கள். வெள்ளைக்காரர் கிளப்பில் இடம் கிடைக்காது, அக்கம்பக்கத்திலும் முழுசாகச் சேர்த்துக்கொள்ள மாட்டார்கள். அந்த நடுவாந்திர வாழ்க்கையில்தான் குயினியும் வளர்ந்தார்.

1914-ல் தந்தை இறந்தார். 1917-ல் சார்லட்டும் குயினியும் கல்கத்தாவுக்குப் போனார்கள். லா மார்ட்டினியர் பெண்கள் பள்ளியில் உதவித்தொகையோடு இடம் கிடைத்தது. ஆனா கூடப் படித்த பிள்ளைகள் அவருடைய பிறப்பைச் சொல்லியே கிண்டல் செய்தார்கள். படிப்பைப் பாதியில் விட்டார். அப்புறம் டெலிபோன் ஆபரேட்டர் வேலை, அமெச்சூர் நாடகக் குழு, சாயந்திரமானால் சினிமா.

பென் ஃபின்னி என்ற முன்னாள் நடிகர் அங்கே அறிமுகமானார். நெருக்கமாகப் பழகினார். ஒரு நாள் வீட்டில் சார்லட்டைப் பார்த்தார், அவருடைய கறுத்த நிறத்தைப் பார்த்தார். உறவு முடிந்தது. கழற்றிவிடும்போது, பிரான்ஸுக்கு வந்தால் நீஸ் நகரில் படம் எடுத்துக்கொண்டிருந்த இயக்குநர் ரெக்ஸ் இங்ராமிடம் அறிமுகப்படுத்துவதாக ஒரு வாக்கும் கொடுத்தார். குயினி அதை நம்பி, சார்லட்டையும் கூட்டிக்கொண்டு கப்பல் ஏறிவிட்டார்! போய்ப் பார்த்தால் ஆள் இல்லை. ஆனா இங்ராமிடம் ஒரு வார்த்தை சொல்லி வைத்திருந்தார். கூட்டத்தோடு கூட்டமாக நிற்கும் ஒரு வேஷம் கிடைத்தது. அங்கிருந்து 1928-ல் லண்டன்.

லண்டனில் கிடைத்த வாழ்வு

லண்டனில் குயினி இரவு விடுதியில் வேலை பார்த்தார், முகம் சரியாகத் தெரியாத துண்டு வேஷங்களில் நடித்தார். இங்கே தமிழில் 1931-ல் காளிதாஸ் வெளியாகி, டி.பி.ராஜலட்சுமி முதல் பேசும்பட நாயகியாக மெட்ராஸையே கலக்கிய அதே காலம். குயினிக்கு அப்போது வசனம் கிடைப்பதே பெரிய விஷயம்.

திருப்பம் தந்தவர் அலெக்ஸாண்டர் கோர்டா. ஹங்கேரியிலிருந்து வந்து லண்டன் பிலிம்ஸ் என்ற கம்பெனியைத் தொடங்கியிருந்தார். ஓ'பிரையன் ஓபரான் ஆனது. 1933-ல் வந்த 'தி பிரைவேட் லைஃப் ஆஃப் ஹென்றி தி எய்ட்த்' படத்தில் மன்னர் தலையை வெட்டச் சொன்ன ராணி ஆன் போலின் வேஷம். படம் தொடங்கிய கொஞ்ச நேரத்தில் அவர் கதை முடிந்துவிடும். ஆனாலும் அந்த முகம் பேசப்பட்டது. படம் அமெரிக்காவிலும் ஓடியது, மன்னராக நடித்த சார்லஸ் லாட்டனுக்கு ஆஸ்கர் கிடைத்தது. பிரிட்டிஷ் சினிமாவுக்கு உலகச் சந்தையைத் திறந்துவிட்ட படம் அது. அடுத்த வருஷமே லெஸ்லி ஹோவர்டுக்கு ஜோடியாக 'தி ஸ்கார்லெட் பிம்பர்னல்'. இங்கிலாந்தின் ராணியாகவும் சீமாட்டியாகவும் திரையில் நின்றவர், கல்கத்தா டெலிபோன் ஆபரேட்டர்.

டாஸ்மேனியா எங்கிருந்து வந்தது?

நட்சத்திரம் ஆனதும் பத்திரிகைகள் பூர்வீகம் கேட்டன. ஒரு கதை தயாரானது. ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியா தீவில் ஹோபார்ட் நகரில் பிறந்தவர், பிறப்புச் சான்று தீயில் எரிந்துவிட்டது. ஏன் ஹோபார்ட்? லண்டனிலிருந்தும் அமெரிக்காவிலிருந்தும் ரொம்ப தூரம். போய்ச் சரிபார்க்க யாருக்கும் பொறுமை இருக்காது. வெள்ளையர் ஊர் என்ற பெயரும் உண்டு.

இதை வெறும் கௌரவப் பிரச்சினையாகப் பார்க்கக் கூடாது. அன்றைய ஹாலிவுட் தணிக்கை விதிகள் வெவ்வேறு இனத்தவர் காதலிப்பதைத் திரையில் காட்டத் தடை விதித்திருந்தன. வெள்ளைக்கார நாயகனைக் கட்டிப்பிடிக்கும் நாயகி வெள்ளையாகத்தான் இருக்க வேண்டும். போதாக்குறைக்கு அமெரிக்கக் குடியேற்றச் சட்டங்கள் இந்தியர்களுக்குக் கதவை அடைத்திருந்தன. அந்தக் கதவு லேசாகத் திறந்ததே 1946-ல்தான். பம்பாய் என்ற ஒரு சொல் வெளியே வந்தால் தொழில், வருமானம், தங்கும் உரிமை எல்லாமே ஆட்டம் கண்டிருக்கும்.

அதே கோர்டா கம்பெனியில் இன்னொரு இந்தியரும் இருந்தார். மைசூர் பக்கத்து யானைப்பாகன் வீட்டுப் பையன் சாபு. 1937-ல் வந்த 'எலிஃபன்ட் பாய்' படத்தால் உலகப் புகழ் பெற்றார். சாபு இந்தியன் என்பதுதான் விளம்பரமே. தலைப்பாகை கட்டி யானை மேல் உட்கார்ந்தால் கைதட்டல். காதல் நாயகியாக இருந்த மெர்லுக்கு அது வழியில்லை. டார்ஜிலிங்கில் பிறந்த விவியன் லீ அதை மறைக்க வேண்டிய அவசியமே வரவில்லை, ஏன்னா அவர் குடும்பத்தை வெள்ளையர் என்றே உலகம் ஏற்றிருந்தது. ஆக, இந்தியாவில் பிறந்தது குற்றமில்லை. இந்திய ரத்தம் இருந்தால்தான் குற்றம்.

சார்லட்டின் நிலைமைதான் மனசைப் பிசையும். பேத்தியோடு லண்டன் வந்த அவர், விருந்தினர் வரும் நேரத்தில் வேலைக்காரியாக நடமாடினார். 1937-ல் காலமானார். 1949-ல் மெர்ல் ஒரு பழைய புகைப்படத்தைக் கொடுத்து சார்லட்டின் ஓவியத்தை வரையச் சொன்னார். ஒரே நிபந்தனை, நிறத்தை வெளுப்பாகக் காட்ட வேண்டும். அந்தப் படத்தைக் கடைசிவரை தன் வீடுகளில் மாட்டி வைத்திருந்தார். பாசம் இல்லாமல் இல்லை. பாசத்துக்கும் பவுடர் பூச வேண்டியிருந்தது.

உச்சமும் தழும்பும்

கோர்டா, மெர்லின் ஒப்பந்தத்தில் ஒரு பங்கை ஹாலிவுட் தயாரிப்பாளர் சாமுவேல் கோல்ட்வினுக்கு விற்றார். 'தி டார்க் ஏஞ்சல்' (1935) ஆஸ்கர் பரிந்துரையைத் தந்தது. விருது பெட் டேவிஸுக்குப் போனது. 1937-ல் 'ஐ, கிளாடியஸ்' படப்பிடிப்பின்போது லண்டனில் கார் விபத்து. முகத்தில் காயம். ஏற்கெனவே தடுமாறிக்கொண்டிருந்த படம் அதோடு கைவிடப்பட்டது.

1939-ல் 'வுதரிங் ஹைட்ஸ்'. லாரன்ஸ் ஒலிவியே ஜோடி. அந்த நாயகி வேஷம் தன் காதலி விவியன் லீக்குக் கிடைக்க வேண்டும் என்று ஒலிவியே விரும்பினார். லீக்கு இரண்டாவது வேஷம்தான் தருவதாகச் சொல்ல, அவர் மறுத்துவிட்டார். நல்லதாப் போச்சு, அவருக்கு 'கான் வித் தி விண்ட்' காத்திருந்தது. இதில் இன்னொரு வேடிக்கை. வுதரிங் ஹைட்ஸ் கதையில் எங்கிருந்து வந்தான் என்றே தெரியாத கறுத்த நிறத்தவன், நாயகன். அதை வெள்ளைக்காரர் ஒலிவியே நடித்தார். வெள்ளைக்கார நாயகியாக பம்பாய்ப் பெண் நடித்தார்.

அதே 1939-ல் கோர்டாவைத் திருமணம் செய்தார் மெர்ல். 1942-ல் கோர்டாவுக்கு சர் பட்டம் வர, இவர் லேடி கோர்டா ஆனார். 1945-ல் விவாகரத்து.

இதற்கிடையே 1940-ல் முகத்தோல் கடுமையாகப் பாதிக்கப்பட்டது. முகப்பூச்சில் கலந்த நச்சும், சல்ஃபா மருந்து ஒத்துக்கொள்ளாததும் சேர்ந்த விளைவு. சிகிச்சைகள் செய்தும் தழும்பு போகவில்லை. மேல்மலையனூர் மயானக் கொள்ளைக்கு முகத்தில் வண்ணம் பூசி ஆடுகிறவர், ஆட்டம் முடிந்ததும் கழுவிவிட்டு வீட்டுக்குப் போவார். மெர்லுக்கு அந்த வசதி இல்லை, வேஷம் 24 மணி நேரமும் முகத்திலேயே இருக்க வேண்டும்.

தழும்பை மறைக்க ஒளிப்பதிவாளர் லூசியன் பல்லார்டு ஒரு வழி கண்டுபிடித்தார். கேமரா லென்ஸை ஒட்டி ஒரு சின்ன விளக்கு. வெளிச்சம் நேராக விழுந்தால் முகத்தின் மேடுபள்ளம் தெரியாது. 1944-ல் வந்த 'தி லாட்ஜர்' படப்பிடிப்பில் பிறந்த இந்த விளக்குக்கு ஓபரான் பெயராலேயே 'ஓபி' என்று பெயர். இன்றும் கேமராக்காரர்கள் அந்தப் பெயரில்தான் சொல்கிறார்கள். 1945-ல் பல்லார்டையே மணந்துகொண்டார், அது நான்கு ஆண்டுதான் நீடித்தது. பின்னர் இன்னும் இரண்டு திருமணங்கள்.

ஹோபார்ட்டுக்கே போனார்

1978-ல் நடந்ததுதான் உச்சக்கட்டம். நம்ம ஊர்ப் பொண்ணு என்று காலமெல்லாம் பெருமைப்பட்ட ஹோபார்ட் நகரம் அவருக்கு மேயர் வரவேற்பு ஏற்பாடு செய்தது. மெர்ல் போனார். ஆனா வந்த கொஞ்ச நேரத்திலேயே உடம்பு சரியில்லை என்று விலகிக்கொண்டார். பூர்வீகம் பற்றிய கேள்விகளுக்குப் பதில் இல்லை. அடுத்த ஆண்டு, 1979 நவம்பர் 23 அன்று, கலிபோர்னியாவின் மாலிபுவில் பக்கவாதத்தால் இறந்தார். வயது 68.

1983-ல் 'பிரின்சஸ் மெர்ல்' என்ற வாழ்க்கை வரலாறு வெளிவந்து பம்பாய் ரகசியத்தை உடைத்தது. ஆனா அதிலும் சார்லட்தான் அம்மா. கான்ஸ்டன்ஸ் பெற்ற இன்னொரு மகன், தன் குடும்பத்தைப் பற்றித் தேடப்போய், பம்பாய் அரசு ஆவணங்களில் மெர்லின் பிறப்புச் சான்றைக் கண்டெடுத்திருந்தார். தீயில் எரிந்ததாகச் சொல்லப்பட்ட அதே சான்று. சித்தி என்று நினைத்திருந்தவர் உண்மையில் அக்கா என்பது அப்போதுதான் அவருக்குத் தெரிந்தது. மெர்லைச் சந்திக்க லாஸ் ஏஞ்சல்ஸ் வரை போயிருக்கிறார். மெர்ல் பார்க்க மறுத்துவிட்டார். தனக்குத் தெரிந்ததை அவர் 1983 புத்தகத்தை எழுதியவரிடம்கூடச் சொல்லவில்லை. 2002-ல் ஆஸ்திரேலியாவில் எடுக்கப்பட்ட 'தி டிரபிள் வித் மெர்ல்' ஆவணப்படத்துக்குத்தான் சொன்னார்.